காயத்தை மட்டுமல்ல, கையையும் காட்ட வேண்டும்: மம்முட்டியின் இலக்கியப் படங்களை முன்வைத்து

ஆய்வுப் படிப்புக்காக நகரத்துக்கு வந்த முதல் வருடம் வாடகைக்கு வீடு தேடி அலைந்தேன். ஒரு வீட்டின் உரிமையாளர் ஓய்வுபெற்ற அதிகாரி. உள்ளே அழைத்து உட்கார வைத்தார். காபி கொடுத்தார். என் ஆய்வுத் தலைப்பைக் கேட்டுவிட்டு, "ரொம்ப நல்ல விஷயம் தம்பி, நம்ம பிள்ளைங்க எல்லாம் இப்படித்தான் படிச்சு மேல வரணும்" என்றார். பிறகு சொந்த ஊரைக் கேட்டார். ஊரில் எந்தப் பக்கம் என்று கேட்டார். அப்பா என்ன வேலை பார்த்தார் என்று கேட்டார். என் பதில்களைக் கேட்ட பிறகும் அவர் முகம் மாறவில்லை. அதே புன்னகையோடு உள்ளே போய்த் திரும்பி வந்து, "நேத்தே ஒருத்தர் அட்வான்ஸ் கொடுத்துட்டுப் போயிட்டாராம், வீட்டுல இப்பதான் சொல்றாங்க" என்றார். வாசல்வரை வந்து வழியனுப்பினார். இரண்டு மாதம் கழித்து அந்தத் தெரு வழியாகப் போனபோதும் 'வீடு வாடகைக்கு' அட்டை அந்தக் கேட்டில் தொங்கிக்கொண்டிருந்தது.

அன்றைக்கு எனக்குக் கோபத்தைவிடக் குழப்பம்தான் அதிகமாக இருந்தது. என்னைத் திட்டியிருந்தால் அதற்கு ஒரு சட்டம் இருக்கிறது, ஒரு பிரிவு இருக்கிறது. காபி கொடுத்து அனுப்பியவர்மீது எந்தப் பிரிவில் புகார் கொடுப்பது? அந்த மனிதருக்குள் அந்த ஒரு நிமிடத்தில் என்ன நடந்தது என்பதை யோசித்து யோசித்து ஓய்ந்துபோனேன்.

2022ஆம் ஆண்டு மே மாதம் ரதீனா இயக்கிய 'புழு' இணையத்தளத்தில் வெளியானது. அதில் குட்டன் என்ற பாத்திரத்தில் மம்முட்டி. காவல்துறையில் இருந்தவர், மனைவியை இழந்தவர், அடுக்குமாடிக் குடியிருப்பில் மகனோடு வாழும் ஆதிக்கச் சாதிக்காரர். சத்தம் போட்டுப் பேசாதவர். அவர் சிரிக்கும்போது எனக்கு அந்த வீட்டு உரிமையாளர் ஞாபகம் வந்தார். வாசலோடு நின்றுபோன என் கேள்வியை அந்தப் படம் வீட்டுக்குள்ளே எடுத்துக்கொண்டு போனது.

சாதியைப் பேசும் நம் திரைப்படங்கள் பெரும்பாலும் காயத்தைக் காட்டுகின்றன. எரிந்த குடிசை, ரயில் தண்டவாளத்தில் கிடக்கும் உடல், செருப்பைக் கையில் தூக்கிக்கொண்டு நடக்கும் பெரியவர். இவை காட்டப்பட வேண்டியவைதான். காட்டுவதற்கே நூறாண்டு போராட வேண்டியிருந்தது. ஆனால் காயத்தை ஏற்படுத்தும் கை எப்படி இருக்கும், அந்தக் கைக்குரியவர் காலையில் எழுந்து எப்படிப் பல் துலக்குகிறார், பிள்ளையை எப்படிக் கொஞ்சுகிறார், எதைக் கண்டு பயப்படுகிறார் என்பதைத் திரை மிகக் குறைவாகவே காட்டியிருக்கிறது. காட்டும்போதும் முறுக்கு மீசையும் அரிவாளுமாக, பார்வையாளர் யாரும் 'இது நான்' என்று ஒப்புக்கொள்ளத் தேவையில்லாத தூரத்தில் வைத்துவிடுகிறது. மம்முட்டி இலக்கியத்தோடும் தத்துவத்தோடும் கைகோத்த படங்கள் இந்த இடைவெளியில் ஒரு வேலையைச் செய்திருக்கின்றன. அதன் மதிப்பையும் போதாமையையும் சாதி ஒழிப்பை விரும்பும் நாம் கணக்குப் பார்க்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

மம்முட்டி என்கிற முகம்மது குட்டி வளர்ந்த ஊர் செம்பு. வைக்கம் வட்டத்தைச் சேர்ந்த கிராமம். கோயிலைச் சுற்றிய தெருக்களில் ஒடுக்கப்பட்ட மக்கள் நடக்கக் கூடாது என்ற தடையை எதிர்த்து 1924இல் போராட்டம் நடந்ததும், பெரியார் போய்ச் சிறைப்பட்டதும் அந்த வைக்கத்தில்தான். வைக்கம் முகம்மது பஷீர் பிறந்த தலயோலப்பறம்பும் அதே வட்டாரம். ஊர்ப்பெருமை பேச இதைச் சொல்லவில்லை. யார் எந்தத் தெருவில் நடக்கலாம் என்ற கேள்வி அந்த மண்ணின் பொது நினைவில் இருக்கிறது என்பதற்காகச் சொல்கிறேன். எர்ணாகுளத்தில் சட்டம் படித்துச் சிறிது காலம் வழக்கறிஞராகவும் இருந்தவர் அவர். 1971இல் கூட்டத்தில் ஒருவராக அவர் முகம் முதன்முதலில் திரையில் தெரிந்த 'அனுபவங்கள் பாளிச்சகள்' படமே தகழி சிவசங்கரப் பிள்ளையின் நாவலைத் தழுவியதுதான்.

அந்தப் பஷீராகவே மம்முட்டி நடித்த படம் அடூர் கோபாலகிருஷ்ணனின் 'மதிலுகள்' (1990). திருவிதாங்கூர் ஆட்சியை எதிர்த்து எழுதியதற்காகச் சிறையில் அடைக்கப்பட்ட எழுத்தாளர், மதிலுக்கு அந்தப்பக்கம் பெண்கள் சிறையில் இருக்கும் நாராயணி என்ற பெண்ணைக் காதலிக்கிறார். அவளை நாம் கடைசிவரை பார்ப்பதில்லை. கே.பி.ஏ.சி. லலிதாவின் குரல் மட்டும் கேட்கிறது. அவள் மதிலுக்கு அருகில் வந்துவிட்டாள் என்பதற்கு அடையாளமாக ஒரு காய்ந்த குச்சி மேலே எழும்பி விழுகிறது. நிறம் தெரியாது, தெரு தெரியாது, கழுத்தில் என்ன கிடக்கிறது என்று தெரியாது. நம் சமூகத்தில் ஒரு ஆணும் பெண்ணும் பேசத் தொடங்கும் முன்பே விசாரித்து முடித்துவிடும் விவரங்கள் எல்லாவற்றையும் அந்த மதில் மறைத்துவிடுகிறது. ஆணவக் கொலைச் செய்திகளோடு வளர்ந்த தலைமுறைக்கு, அடையாளமே கேட்கப்படாத ஒரு காதல் சிறைக்குள்தான் சாத்தியமாகிறது என்பது சும்மா கடந்துபோகும் விஷயமாக இருக்க முடியாது. இருவரும் நேரில் பார்த்துக்கொள்ள நாள் குறித்திருக்கும்போது அவருக்கு விடுதலை உத்தரவு வருகிறது. கையில் ஒரு ரோஜாவோடு நிற்கும் மம்முட்டியின் முகத்தில் மகிழ்ச்சி இல்லை. வெளியே இருப்பது விடுதலையா என்ற கேள்விதான் இருக்கிறது.

இந்தப் படத்துக்கும், வடக்கன் பாட்டுகளில் துரோகியாகவே பாடப்பட்டு வந்த சந்துவை எம்.டி. வாசுதேவன் நாயர் மறுவாசிப்பு செய்த 'ஒரு வடக்கன் வீரகாதா'வுக்கும் சேர்த்து 1989ஆம் ஆண்டுக்கான தேசிய விருது மம்முட்டிக்குக் கிடைத்தது. ஆனால் என் வாதத்துக்கு முக்கியமான ஆண்டு 1993.

அந்த ஆண்டில் வெளியான 'துருவம்' படத்தில் அவர் நரசிம்ம மன்னாடியார். கிராமமே கைகூப்பும் பரம்பரைப் பிரபு, நீதிமான். எதிரியின் பெயர் ஹைதர் மரைக்காயர். ஒரு முஸ்லிம் நடிகர் ஆதிக்கச் சாதிப் பிரபுவாக நின்று ஒரு முஸ்லிம் வில்லனை அழிக்கிறார், ரசிகர்கள் கைதட்டுகிறார்கள். நிலப்பிரபுத்துவத்தின் பெருந்தன்மையைக் கொண்டாடும் இப்படிப்பட்ட படங்கள் அவர் பயணத்தில் ஒன்றிரண்டு அல்ல. 2000இல் வந்த 'வல்லியேட்டன்' வரை, அதற்குப் பிறகும், அந்த வரிசை நீள்கிறது. நட்சத்திரம் என்ற தொழிலுக்கு அது தேவைப்பட்டது. அந்தப் படங்கள் செய்த தீங்கை விருதுகளைக் காட்டி மறைக்க வேண்டியதில்லை.

ஆனால் அதே 1993ஆம் ஆண்டுக் கணக்கில்தான் 'விதேயன்' இருக்கிறது. பால் சக்கரியாவின் குறுநாவல், அடூரின் இயக்கம். தென் கன்னடப் பகுதியில் பாஸ்கர பட்டேலர் என்ற நிலக்கிழார். பட்டேல் பதவி என்றோ ஒழிக்கப்பட்டுவிட்டது. சட்டப்படி அவருக்கு எந்த அதிகாரமும் இல்லை. ஆனாலும் சாராயக் கடை வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார். பிழைப்புத் தேடி வந்த தொம்மி என்ற கிறிஸ்தவக் கூலித் தொழிலாளியை, எந்தக் காரணமும் இல்லாமல் கூப்பிட்டு அவமானப்படுத்துகிறார். தொம்மியின் மனைவி ஓமனாவை வல்லுறவு செய்கிறார். பிறகு தொம்மிக்கு வேலையும் கொடுக்கிறார். மன்னாடியாரின் அதே கம்பீரம், அதே குரல், அதே உயரம். அவற்றிலிருந்து பெருந்தன்மை என்ற வண்ணப் பூச்சை மட்டும் சுரண்டி எடுத்துவிட்டால் என்ன மிஞ்சும் என்பதை 'விதேயன்' காட்டுகிறது. நட்சத்திர பிம்பமே அதற்கு எதிரான சாட்சியாகிறது. முகம் தெரியாத ஒரு நடிகர் பட்டேலராக நடித்திருந்தால் இந்த அதிர்ச்சி கிடைத்திருக்காது.

தொம்மியாக நடித்த எம்.ஆர். கோபகுமாரை விட்டுவிட்டு இந்தப் படத்தைப் பேச முடியாது. முதலில் அவன் கொதிக்கிறான். நாளாக ஆக, மனைவியின் உடலில் படிந்திருக்கும் பட்டேலரின் வாசனைத் தைலத்தின் மணம் அவனுக்குப் பிடித்துப்போகிறது. என்னை இந்தப் படத்தில் மிக அதிகமாகத் தொந்தரவு செய்த இடம் அதுதான். அடிமைத்தனம் கையில் பூட்டிய விலங்கு மட்டுமாக இருந்தால் உடைத்துவிடலாம். அது மூக்குக்குள் போய் ருசியாக மாறிவிட்டால் என்ன செய்வது? சாதியைப் படிநிலையாக அமைந்த ஏற்றத்தாழ்வு என்று அம்பேத்கர் விளக்கினார். ஒவ்வொரு படியில் நிற்பவரும் மேலே இருப்பவரை அண்ணாந்து பார்க்கவும் கீழே இருப்பவரை மிதிக்கவும் பழக்கப்படுத்தப்படுகிறார். தொம்மி சாதியின் பெயரால் ஒடுக்கப்படுகிறவன் என்று சொல்வதற்கில்லை. ஆனால் மேலே பார்க்கும் அந்தப் பழக்கம் எப்படி உடலுக்குள் இறங்குகிறது என்பதை அவன் வழியாகப் பார்க்க முடிகிறது.

அதற்குப் பிறகு பட்டேலர் தன் மனைவியைக் கொல்கிறார், தப்பி ஓடுகிறார். காட்டில் அலையும் அந்த நாட்களில் ஆண்டைக்கு எல்லாமே தொம்மிதான். அவன் இல்லாமல் அவரால் ஒருநாள்கூடத் தள்ள முடியாது. யார் யாரை நம்பி வாழ்கிறார்கள் என்ற உண்மை அங்கே தலைகீழாகத் தெரிந்துவிடுகிறது. பட்டேலர் சுட்டுக் கொல்லப்பட்டதும் தொம்மி துப்பாக்கியைத் தண்ணீரில் எறிந்துவிட்டு ஓமனாவை நோக்கி ஓடுகிறான். ஆண்டையின் ஆயுதத்தை அவன் தனக்காக எடுத்துக்கொள்ளவில்லை. ஆண்டையும் அடிமையும் பற்றிய தத்துவ நூல்கள் பக்கம் பக்கமாகச் சொல்வதை ஒரு ஓட்டத்தில் சொல்லிவிட்ட காட்சி அது.

அந்த ஆண்டுக்கான தேசிய விருதில் 'விதேயன்' உடன் சேர்ந்த இன்னொரு படம், டி.வி. சந்திரனின் 'பொந்தன் மாட'. சி.வி. ஸ்ரீராமனின் கதைகளைத் தழுவியது. இதில் மம்முட்டி நேர் எதிர்ப் பக்கத்தில் நிற்கிறார்: மாட என்ற ஒடுக்கப்பட்ட சாதிக் கூலித் தொழிலாளி. இங்கிலாந்திலிருந்து திரும்பிவந்த சீமைத் தம்புரானாக நஸீருத்தீன் ஷா. இருவருக்கும் நட்பு உண்டு. ஆனால் மாட அந்த வீட்டுக்குள் நுழைய முடியாது. அதனால் அவன் பாக்கு மரத்தில் ஏறி, மாடி ஜன்னல் வழியாகத் தம்புரானோடு பேசுகிறான். தனிமனிதர் எவ்வளவு நல்லவராக இருந்தாலும் வீட்டுக் கதவு திறக்காது என்பதை இதைவிட எளிமையாகக் காட்ட முடியுமா? "எங்க வீட்ல எல்லாரும் வருவாங்க, நாங்க அதெல்லாம் பார்க்கறதில்லை" என்று சொல்லும் நண்பர்களிடம் இனி நான் கேட்க நினைப்பது ஒன்றுதான்: வருகிறவர்கள் வாசல் வழியாக வருகிறார்களா, மரத்தில் ஏறியா?

ஒரே வருடத்தில் பட்டேலராகவும் மாடவாகவும் நின்ற அதே உடல்தான் சில ஆண்டுகளில் அம்பேத்கராகவும் நின்றது. ஜப்பார் பட்டேல் இயக்கிய 'டாக்டர் பாபாசாகேப் அம்பேத்கர்' ஆங்கிலப் படத்துக்காக 1998ஆம் ஆண்டுக்கான தேசிய விருது அவருக்குக் கிடைத்தது. படம் திரைக்கு வந்தது 2000இல். தமிழில் மொழிமாற்றம் செய்யப்பட்ட வடிவத்தை நாம் திரையரங்கில் பார்க்கப் பத்தாண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது. சென்னை உயர் நீதிமன்றம்வரை போய்த்தான் 2010 டிசம்பரில் அது வெளியானது. அப்போது எனக்குப் பதினேழு வயது. எங்கள் ஊரிலிருந்து ஒரு வேன் பிடித்து, நீலத் துண்டு போட்ட பெரியவர்களோடு போய்ப் பார்த்தோம். படம் முடிந்து வெளியே வந்ததும் என் அப்பா, "ஒரு இடத்துலகூடக் கும்பிடு போடல பாத்தியா?" என்றார். மகத் குளத்தையோ புனா ஒப்பந்தத்தையோ அவர் பேசவில்லை. அந்த உடல் எங்கும் குனியவில்லை என்பதைத்தான் கவனித்திருக்கிறார். வாழ்நாள் முழுவதும் எங்கே எவ்வளவு குனிய வேண்டும் என்று கணக்குப் போட்டே நடந்தவருக்கு அதுதான் முதலில் கண்ணில் படும்.

அந்த வார்த்தையின் பொருள் எனக்கு அப்போது முழுதாகப் புரியவில்லை. வீட்டு உரிமையாளர் வீட்டு வாசலில் நின்றபோது புரிந்தது. கொலம்பியாவில் படித்துத் திரும்பிய அம்பேத்கர் 1917இல் பரோடாவில் தங்க இடமில்லாமல் ஒரு பார்சி விடுதியில் ஒளிந்து தங்கி, அங்கிருந்தும் விரட்டப்பட்டார். நூறாண்டு கழித்து எனக்குக் காபி கிடைத்தது. முன்னேற்றம்தான்.

இப்போது 'புழு'வுக்குத் திரும்புகிறேன். குட்டனின் தங்கை பாரதி, சாதி மறுத்து நாடகக் கலைஞர் குட்டப்பனை மணந்தவர். பார்வதி திருவோத்தும் அப்புண்ணி சசியும் அந்த இணையராக நடித்திருக்கிறார்கள். அவர்கள் குட்டன் வசிக்கும் அதே குடியிருப்புக்குக் குடிவருகிறார்கள். குட்டன் கத்தவில்லை, ஆள் வைக்கவில்லை, சாதிப் பெயர் சொல்லித் திட்டவில்லை. மகனை மட்டும் இன்னும் இறுக்கிப் பிடிக்கிறார். பல் துலக்குவது முதல் எல்லாவற்றிலும் அவர் வகுத்த ஒழுங்கு. அவர் அதை அன்பு என்று நம்புகிறார். பையனோ மூச்சுத் திணறுகிறான். தூய்மை என்ற கருத்து வெளியே இருப்பவரைத் தீட்டாக்குவதற்கு முன்னால் வீட்டுக்குள் இருக்கும் குழந்தையைக் கைதியாக்கிவிடுகிறது. குட்டனுக்கு எப்போதும் பயம். யாரோ தன்னைக் கொல்லப் பார்க்கிறார்கள் என்ற சந்தேகம். குட்டப்பன் மேடையில் நடிப்பது தட்சகன் பரீட்சித்து கதையை. கோட்டை கட்டி ஒளிந்துகொண்ட அரசனிடம் பழத்துக்குள் புழுவாக மரணம் போய்ச் சேர்ந்த கதை. குட்டன் கடைசியில் தங்கையையும் அவள் கணவரையும் கொல்கிறார். அதுவரை அவர் அமைதியாக இருந்தாரே என்று நமக்குத் தோன்றினால், அந்த அமைதியை நாமும் பண்பு என்று நம்பியிருக்கிறோம் என்று அர்த்தம்.

2024இல் வந்த ராகுல் சதாசிவனின் 'பிரமயுகம்' இதையே மாயக் கதையாக, கறுப்பு வெள்ளையில் சொல்கிறது. வசனம் நாவலாசிரியர் டி.டி. ராமகிருஷ்ணன். 17ஆம் நூற்றாண்டு. அடிமை வியாபாரிகளிடமிருந்து தப்பி வரும் தேவன் என்ற பாணன் ஒரு பாழடைந்த மனையில் அடைக்கலம் கேட்கிறான். வீட்டுத் தலைவர் கொடுமோன் போற்றி அவனை விருந்தாளியாக உள்ளே வரச் சொல்கிறார். பாடச் சொல்கிறார். பகடை ஆடச் சொல்கிறார். பந்தயப் பொருள் தேவனின் காலம். தோற்றவன் வெளியேற முடியாது. சலுகையாகத் தரப்படும் நுழைவு எப்படி வாழ்நாள் கடனாகிறது என்பதற்கு இதைவிட நல்ல உருவகம் எனக்குத் தெரியாது. உயர்கல்வி நிறுவனங்களுக்குள் நுழைந்த எங்களில் பலருக்கு இந்தப் பகடை ஆட்டம் நன்றாகவே தெரியும். படத்தின் பின்பாதியில், போற்றியின் உருவத்தில் இருப்பது போற்றியே அல்ல, ஒருகாலத்தில் அந்தக் குடும்பத்துக்கு அடிமையாக இருந்த சாத்தன் என்று தெரிகிறது. அடிமை ஆண்டையின் உடலை எடுத்துக்கொண்டான், ஆண்டையாகவே ஆகிவிட்டான். அடைபட்டிருந்த மற்ற இருவரும்கூடக் கடைசியில் ஒருவரோடொருவர் மோதுகிறார்கள். நாற்காலியை விட்டுவைத்து ஆளை மட்டும் மாற்றினால் என்ன நடக்கும் என்று அம்பேத்கரியர்களும் பெரியாரியர்களும் எச்சரித்ததைத்தான் இந்தப் பேய்க்கதை சொல்கிறது. துப்பாக்கியை எறிந்துவிட்டு ஓடிய தொம்மிக்கும் இந்தச் சாத்தனுக்கும் இடையே முப்பது ஆண்டு இடைவெளி. இரண்டையும் சேர்த்துப் பார்த்தால் ஒரு நீண்ட விவாதம் நடந்திருப்பது புரியும்.

இங்கே ஒரு நியாயமான எதிர்க்கேள்வி எழும். கொடுமைக்காரனை ஒரு கவர்ச்சியான நடிகர் நடித்தால், அது கண்டனமாகாமல் கொண்டாட்டமாகிவிடாதா? நம் கண் முன்னால் நடந்திருக்கிறது. மாரி செல்வராஜின் 'மாமன்னன்' (2023) படத்தில் ஃபகத் ஃபாசில் நடித்த ரத்தினவேலு பாத்திரத்தின் காட்சிகளை வெட்டி, சாதிப் பெருமைப் பாடல்களோடு ஒட்டிச் சமூக ஊடகங்களில் பரப்பினார்கள். படம் யாரைக் குற்றவாளியாக நிறுத்தியதோ அவனையே தங்கள் நாயகனாக எடுத்துக்கொண்டார்கள். பழி இயக்குநருடையதல்ல. ஆதிக்க மனம் எந்தக் கண்ணாடியையும் அழகு பார்க்கப் பயன்படுத்திக்கொள்ளும்.

ஆனாலும் 'விதேயன்', 'புழு' இரண்டையும் அப்படி வெட்டி ஒட்டுவது கடினம். காரணம், அந்த இரண்டு படங்களும் ஆதிக்கத்தின் ஆற்றலைவிட அதன் பயத்தைத்தான் அதிகம் காட்டுகின்றன. அடிமையின் உதவியில்லாமல் காட்டில் நடக்கத் தெரியாத பட்டேலரையும், சொந்த மகன் வெறுப்பதைப் புரிந்துகொள்ள முடியாத குட்டனையும் வைத்து யாரும் பெருமைப் பாட்டுப் போட முடியாது. சண்டைக் காட்சி இருக்கும் இடத்தில் வில்லனுக்கும் ஒரு வீரம் கிடைத்துவிடுகிறது. பயத்தை மட்டும் காட்டும் இடத்தில் எதுவும் மிஞ்சுவதில்லை. இலக்கியமும் இலக்கியத் தன்மையுள்ள எழுத்தும் நட்சத்திரத்துக்குக் கொடுத்தது இந்த உள்முகத்தைத்தான். இனி ஆதிக்கச் சாதிப் பாத்திரம் எழுதும் நம் தோழர்கள் இந்தப் பாடத்தை எடுத்துக்கொள்ளலாம்: அவனுக்குப் பஞ்ச் வசனம் கொடுக்காதீர்கள், அவன் பயத்தைக் கொடுங்கள்.

இத்தனையும் சொன்ன பிறகு, கணக்கின் மறுபக்கம். சாதி என்பது 'நீ பிறந்த உடல்தான் நீ, வேறொருவராக நீ ஆக முடியாது' என்ற கட்டளை. நடிப்பு என்பதோ 'ஆக முடியும்' என்று காட்டும் கலை. இந்தக் காரணத்தாலேயே சாதிச் சமூகத்தில் நடிப்பு ஆபத்தான தொழில். மலையாளத்தின் முதல் திரைப்படமான 'விகதகுமாரன்' அதற்குச் சாட்சி. தலித் பெண்ணான பி.கே. ரோஸி அதில் ஒரு நாயர் பெண்ணாக நடித்தார் என்பதற்காகத் தாக்கப்பட்டார், ஊரைவிட்டு விரட்டப்பட்டார், தமிழ்நாட்டுக்கு வந்து தன் அடையாளத்தை மறைத்து வாழ்ந்து முடிந்தார். அவர் முகம் திரையிலும் மிஞ்சவில்லை. வேறொருவராக மாறியதற்கு ரோஸி கொடுத்த விலை அது. மம்முட்டி போற்றியாகவும் குட்டனாகவும் மாடவாகவும் அம்பேத்கராகவும் மாறினார், விருதுகள் வந்தன. இந்த வேறுபாட்டைச் சொல்லாமல் அவரைப் பாராட்டுவது பாதி உண்மை.

'பொந்தன் மாட'வில் அவர் நடிப்பு உயர்ந்தது என்பதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் மாடவின் உடலைத் திரைக்குக் கொண்டுவர ஒரு நட்சத்திரம் தன் உடலைக் கடன் கொடுக்க வேண்டியிருந்த நிலை யாருடைய குற்றம்? கலாபவன் மணிக்கு எத்தனை இலக்கியப் படங்கள் கிடைத்தன? 'கம்மட்டிப்பாடம்' (2016) படத்துக்காகக் கேரள அரசின் சிறந்த நடிகர் விருதை விநாயகன் பெறுவதற்கு அவர் எத்தனை ஆண்டுகள் அடியாள் வேடத்தில் காத்திருந்தார்? தத்துவம் பேசும் பாத்திரம் ஒருவருக்கும், அடி வாங்கும் பாத்திரம் இன்னொருவருக்கும் என்ற பங்கீட்டிலும் ஒரு வருணம் ஒளிந்திருக்கிறது. போற்றியாக ஒரு தலித் நடிகர் நடிக்கும் நாளை நாம் கேட்டுப் பெற வேண்டும்.

நட்சத்திரத்துக்கும் இந்தச் சுதந்திரம் நிரந்தரமல்ல என்பது பிறகு தெரிந்தது. 2024 தொடக்கத்தில் 'பிரமயுகம்' வெளியாகும் முன்பு, போற்றியின் முதல் பெயர் தங்கள் குடும்பத்தின் பெயரைக் கெடுக்கிறது என்று ஒரு குடும்பத்தினர் கேரள உயர் நீதிமன்றத்துக்குப் போனார்கள். படக்குழு பெயரை மாற்றியது. ஒடுக்கப்பட்ட சாதிகளின் பெயர்களை நகைச்சுவைக்கும் வசைக்கும் எத்தனையோ படங்கள் பயன்படுத்தியபோது அந்தச் சாதியினரின் குடும்பப் பெருமைக்காக எத்தனை பெயர்கள் மாற்றப்பட்டன என்று எண்ணிப் பாருங்கள். அதே ஆண்டு மே மாதத்தில், இரண்டு ஆண்டுகளுக்கு முந்தைய 'புழு'வைத் தோண்டியெடுத்து, அது பிராமணர்களுக்கு எதிரான படம் என்று ஒரு இணையத் தாக்குதல் தொடங்கியது. எழுபது வயதைத் தாண்டிய நடிகரை அவர்கள் 'முகம்மது குட்டி' என்று அழுத்தி அழைத்தார்கள். கேரள அமைச்சர்களே அவருக்கு ஆதரவாகப் பேச வேண்டியிருந்தது. மன்னாடியாராக அவர் நின்றபோது இந்தக் கூட்டத்துக்கு அவருடைய மதம் ஞாபகம் வரவில்லை. ஆதிக்கத்தைப் பெருமையாக நடித்தால் அவர் 'மம்முக்கா'. அதையே நோயாக நடித்தால் அவர் முகம்மது குட்டி. ரோஸிக்குச் சொன்ன அதே வாக்கியம்தான்: உனக்கு எங்கள் முகத்தை அணிய உரிமையில்லை.

அதனால் நாம் அவருக்கு ரசிகர் மன்றம் வைக்க வேண்டியதில்லை. 2016இன் 'கசபா' படத்தில் பெண்களை இழிவுபடுத்திய வசனங்களுக்கு மாநில மகளிர் ஆணையமே விளக்கம் கேட்டது. அதைப் பொதுமேடையில் விமர்சித்த பார்வதியை அவர் ரசிகர்கள் எப்படி வேட்டையாடினார்கள் என்பதையும் மறக்க வேண்டியதில்லை. அந்தப் பார்வதியும் அவரும் சேர்ந்து நடித்த படம்தான் 'புழு' என்பதையும் சேர்த்து ஞாபகம் வைத்துக்கொள்ளலாம். மனிதர்கள் மாறுவதற்கு இடம் இருக்கிறது என்று நம்புகிற அரசியல் நம்முடையது.

ஆனால் ஒன்றைச் செய்யலாம். 'விதேயன்', 'பொந்தன் மாட', 'புழு', 'பிரமயுகம்' ஆகிய நான்கையும் வாசகர் வட்டங்களிலும் கல்லூரி விடுதிகளிலும் வரிசையாகத் திரையிடுங்கள். நம்மோடு உட்கார்ந்து பார்க்க நம் தெருவுக்கு வெளியே இருக்கும் நண்பர்களையும் அழையுங்கள். காயத்தைக் காட்டும் படத்தைப் பார்த்துவிட்டு அவர்கள் நம் தோளைத் தட்டி "ரொம்பக் கஷ்டமா இருந்துச்சுப்பா" என்று சொல்லிப் போய்விடுகிறார்கள். கையைக் காட்டும் படத்தைப் பார்த்துவிட்டு அப்படிப் போய்விட முடியாது. அந்தக் கை எந்த வீட்டில் காபி டம்ளரை நீட்டிக்கொண்டிருக்கிறது என்பது அவர்களுக்குத்தான் நம்மைவிட நன்றாகத் தெரியும். அதை அவர்கள் தங்கள் வீட்டுக்குப் போய்ப் பேசட்டும்.

நான் இப்போது வேறொரு பகுதியில் குடியிருக்கிறேன். வீடு கிடைத்தபோது அந்த அம்மா ஊர் கேட்கவில்லை. "கரண்ட் பில் தனி, தண்ணி காலைல ஆறு மணிக்கு வரும்" என்று மட்டும் சொன்னார். அதைப் பெருந்தன்மை என்று நான் எழுத மாட்டேன். இருக்க வேண்டியது அப்படித்தான்.